சம்பந்தியம்மாவுக்கு ஒரு வசைப்பாட்டு

முதலில் நின்றது சிரிப்பு. அதற்குப் பிறகுதான் கரண்டிச் சத்தம் நின்றது.

சிட்னியில் பிளாக்டவுனுக்குப் பக்கத்தில் ஒரு கலியாண மண்டபம், பகல் சாப்பாட்டு நேரம். என் தட்டில் பனீர் ஆறிக்கொண்டிருந்தது. அன்று காலை குருத்துவாராவில் என் மகன் கஜனுக்கும் ஜஸ்லீனுக்கும் அவர்கள் முறைப்படி கலியாணம் முடிந்திருந்தது. மறுநாள் எங்கள் முறைப்படி கோயில் மண்டபத்தில் தாலிகட்டு.

மேசைகளுக்கு நடுவே ஒரு பெண் நின்று பாடிக்கொண்டிருந்தார். மைக் இல்லை. பக்கத்தில் இன்னொருத்தி டோலக்கின் மரத்தில் கரண்டியால் தட்டித் தாளம் போட்டாள். பாடியவர் ஜஸ்லீனின் தாய்மாமன் மனைவி. பஞ்சாபியிலும் அந்த உறவுக்கு மாமி என்றுதான் பெயர் என்று அறிந்தபோது எனக்குத் தலைகால் தெரியாத சந்தோஷம். அதனால் இங்கேயும் அவரை மாமி என்றே எழுதுகிறேன்.

மாமி பாடப் பாட, பஞ்சாபிப் பக்கம் மேசையில் அடித்துச் சிரித்தது. எங்கள் பக்கம் ஒன்றும் விளங்காமல் பல்லைக் காட்டிக்கொண்டிருந்தது. பிறகு மாமி என் பக்கம் திரும்பினார். நேராக என்னை நோக்கி விரலை நீட்டி, கண்ணைச் சிமிட்டி, நாலு வரி பாடினார்.

சிரிப்பு நின்றது.

பிளாக்டவுனில் நான் பல வருடம் ரத்தம் எடுக்கிற வேலை பார்த்தவள். ஒருவர் மயங்கப் போகிறார் என்றால் முதலில் உதட்டின் நிறம்தான் போகும். நான் ஜஸ்லீனின் அம்மா பல்விந்தரைப் பார்த்தேன். அவர் உதட்டில் பூசியிருந்த சிவப்பையும் மீறி வெள்ளை தெரிந்தது.

என்னைப் பற்றி ஏதோ சொல்லக் கூடாததைச் சொல்லிவிட்டார்கள் என்று அப்போதே விளங்கிவிட்டது.

அந்தப் பக்கம்

மகனின் கலியாணத்தைப் பற்றி ஏன் எழுதாமல் ஒளித்து வைத்திருக்கிறீர்கள் என்று இந்தத் தொடரை வாசிக்கிற ஓர் அம்மா கேட்டிருந்தார். ஒளிக்கவில்லை அம்மா. எழுத ஆரம்பித்தால் முகம் சூடாகிறது, அதுதான்.

கஜனின் அப்பா காலமாகிப் பல வருடமாகிவிட்டது. அதன் பிறகு சிட்னியில் நான் போகாத தமிழ்க் கலியாணம் இல்லை. முன்வரிசையில் இருந்த கலியாணமும் இல்லை. யாரும் என்னை வராதே என்று சொன்னது கிடையாது. எல்லோரும் படித்தவர்கள், அப்படியெல்லாம் சொல்ல மாட்டார்கள். "சறோ, நீர் அந்தப் பக்கம் வாற ஆக்களைக் கவனியும்" என்பார்கள். அந்தப் பக்கம் என்பது எப்போதும் சமையல் நடக்கிற குசினிக்குப் பக்கத்தில்தான் இருக்கும்.

தாலியும் கூறைச்சேலையும் வைத்த கூறைத்தட்டு ஆசி வாங்கச் சபையைச் சுற்றி வரும்போது நான் தண்ணீர் எடுக்கப் போய்விடுவேன். மணமக்களை வாழ்த்தி அறுகரிசி போடக் கூப்பிடுகிற நேரத்தில் எனக்கு ஒரு போன் வந்துவிடும். இதையெல்லாம் நானாகவே பழகிக்கொண்டேன். கூப்பிடாமல் விடுகிற சங்கடத்தை மற்றவர்களுக்கு ஏன் கொடுப்பான் என்றுதான்.

கஜனின் கலியாணம் நிச்சயமானபோதும் நானே முந்திக்கொண்டு சொன்னேன், அப்பா அம்மா இடத்தில் மெல்போர்ன் கிரான்பர்னிலிருந்து பெரியப்பாவும் பெரியம்மாவும் வந்து நிற்கட்டும் என்று. கஜன் ஒரு நாள் முழுக்க என்னோடு கதைக்கவில்லை. பிறகு "உங்கட இஷ்டம்" என்றான்.

பெரியப்பா என்றால் என் கணவரின் அண்ணர். எனக்கு அத்தான். ஊரில் நில அளவையாளராக இருந்தவர், இப்போதும் மனிதர்களுக்கு எல்லைக்கல் போட்டுக்கொண்டே இருப்பவர். நல்லவர்தான். மெல்போர்னிலிருந்து விமானமேறி, மீசைக்குப் புதிதாகச் சாயம் பூசி, தலைப்பாகை கட்டிக்கொண்டு வந்து நின்றார். குருத்துவாரா வாசலில் இரண்டு வீட்டு உறவுகளையும் சோடி சோடியாகக் கூப்பிட்டு மாலை மாற்றிக் கட்டிப்பிடிக்க வைத்தார்கள். அப்பா இடத்தில் அத்தான் போனார். அம்மாவைக் கூப்பிட்டபோது பெரியம்மா போனார். நான் சாம்பல் நிறச் சேலையில் கதவோரமாக நின்று படம் எடுத்தேன்.

முட்டி பந்த் கரோ

எனக்குத் தெரிந்த பஞ்சாபி எல்லாம் என் வேலையறையில் பொறுக்கியது. "முட்டி பந்த் கரோ" என்றால் கையைப் பொத்திப் பிடியுங்கள். "பஸ்" என்றால் போதும். ஒரு சீவியத்துக்கு அது காணும் என்று நினைத்திருந்தேன்.

எல்லாப் பஞ்சாபியும் ஒன்றல்ல என்பதையும் அந்த அறைதான் காட்டியது. ஒருநாள் ஒரு லொறிச் சாரதி கையை நீட்டிக்கொண்டு இருந்தார். வெளியே காத்திருந்த இன்னொரு சர்தார் அவரோடு ஏதோ கதைத்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். என்ன பகிடி என்று கேட்டேன். "இவர் புவாதி கதைக்கிறார், எங்கட ஆக்களுக்குக் கேட்கச் சிரிப்பு வரும்" என்று இங்கிலீசில் சொன்னார். சாரதியும் சிரித்தார். ஆனால் பிறகு ரத்தம் எடுத்து முடியும்வரை அவர் வாயே திறக்கவில்லை.

புவாதி என்பது பஞ்சாபியில் ஒரு வட்டார வழக்கு. ரோப்பர், மொஹாலி, பட்டியாலாவின் ஒரு பகுதி என்று சத்லெஜ் ஆற்றுக்குத் தென்கிழக்குப் பக்கம் பேசுகிறார்கள். சண்டிகர் நகரத்தைக் கட்டியபோது அந்தப் பேச்சைப் பேசிய பல கிராமங்கள் அதற்குள் போய்விட்டனவாம். எங்களுடையது என்பதற்கு மற்றவர்கள் "சாடா" என்றால் இவர்கள் "ம்ஹாரா" என்பார்கள். அதைக் கேட்டதும் "நீ என்ன ஹரியானாக்காரனா?" என்று மற்றப் பஞ்சாபிகள் கிண்டலடிப்பார்கள். யாழ்ப்பாணத்திலும் நாங்கள் பக்கத்து ஊர்க்காரனின் பேச்சை விட்டு வைத்தவர்களா என்ன?

இதையெல்லாம் எனக்கு விளக்கமாகச் சொன்னது ஜஸ்லீன். அவளுடைய அப்பா வீடு ஜலந்தர் பக்கம். அம்மா பல்விந்தர் ரோப்பருக்குப் பக்கத்துக் கிராமம், புவாதிக்காரி. கலியாணமாகி வந்த புதிதில் பல்விந்தர் வாயைத் திறந்தாலே மாமியார் வீடு சிரித்திருக்கிறது. அவர் தன் பேச்சை மாற்றிக்கொண்டார். அதன் பிறகு புவாதி கதைக்க வேண்டுமென்றால் கார் விடுகிற காராஜுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு ஊருக்குப் போன் எடுப்பாராம். போனில் மறுபக்கம் இருந்தது இந்த மாமிதான்.

மாமி கலியாணத்துக்காக விசிற்றர் விசாவில் வந்திருந்தார். வந்த நாளிலிருந்து பல்விந்தர் அவரிடம் ஒரே ஒரு விஷயத்தைத்தான் கெஞ்சியிருக்கிறார். பாடாதே. பாடுவதென்றால் எல்லோரும் பாடுகிற பாட்டாகப் பாடு, எங்கள் ஊர்ப் பேச்சில் பாடாதே.

மாமி தலையை ஆட்டியிருக்கிறார். பிறகு டோலக்கைக் கண்டிருக்கிறார்.

பாட்டு

இதற்குப் பெயர் சிட்டணி. மாப்பிள்ளை வீட்டார் சாப்பிட உட்காரும்போது பெண் வீட்டுப் பெண்கள் அவர்களை நாறடித்துப் பாடுகிற வழக்கம். வயிறு, மூக்கு, மீசை, கஞ்சத்தனம், எதுவும் தப்பாது. திட்டு வாங்கினால் சொந்தமாகிவிட்டீர்கள் என்று அர்த்தம். திட்டு வாங்கியவர்கள் திருப்பிக் கொடுக்க வேண்டும், இல்லாவிட்டால் தோற்றுப் போனவர்கள். இவ்வளவும் எனக்குப் பின்னால் தெரிந்தது. அந்த நேரத்தில் எங்களுக்கு யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

மாமி முதலில் பிடித்தது அத்தானை. பாட்டின் நடுவில் அவர் மீசையைக் கையால் காட்டியபோது அத்தான் பெருமையாக அதைத் தடவிக்கொண்டார்.

"என்ன பாடுறா?" என்று மணமேடையை விட்டு எங்கள் மேசைக்கு வந்து என் பக்கத்தில் இருந்த ஜஸ்லீனிடம் கேட்டார்.

"வெல்கம் சொல்றா பெரியப்பா" என்றாள் அவள். கஜனிடம் பழகிய தமிழ்.

மாமி உண்மையில் பாடியது: மெல்போர்னில் சப்பாத்துக்குப் பூச மை இல்லையாம், முழுவதும் இவர் மீசைக்கே முடிந்துவிட்டதாம்.

மாமியின் உச்சரிப்புக்கும் ஒரு சிரிப்பு இருந்தது என்பதைக் கவனித்தேன். ஜஸ்லீனின் அப்பா வீட்டு ஜலந்தர்ப் பெண்கள் சிலர் ஒருவரையொருவர் இடித்து, மாமி சொல்கிற விதத்தில் சொற்களைத் திருப்பிச் சொல்லிச் சிரித்தார்கள். பல்விந்தர் தலையைக் குனிந்து மேசைவிரிப்பின் சுருக்கத்தை நீவிக்கொண்டே இருந்தார். மாமி அதையெல்லாம் கணக்கில் எடுக்கவே இல்லை.

அப்போதுதான் அவர் என்னிடம் வந்தார். சிரிப்பு நின்றது என்று சொன்னேனே, அந்த இடம்.

"என்ன சொன்னவா?" என்று ஜஸ்லீனிடம் கேட்டேன்.

"நத்திங், அன்ரி."

"பிள்ளை, நான் ஊசி குத்துறதுக்கு முன்னம் நோகாது எண்டு சொல்லிச் சொல்லியே சீவிச்சவள். எனக்கு அந்தக் கதை வேண்டாம். முழுக்கச் சொல்லு."

அவள் தன் அம்மாவைப் பார்த்தாள். பிறகு என் காதுக்குள் இங்கிலீசில் சொன்னாள். தமிழில் எழுதினால் இப்படி வரும்:

மாப்பிள்ளையின் அம்மா ஊருக்கெல்லாம் ரத்தம் எடுக்கிறாள். டாக்டரின் துண்டுச்சீட்டு இல்லாமலே ஒரு தாடிக்காரன் கிழமைக்குக் கிழமை வந்து கையை நீட்டுகிறான். பிடித்த கையை அவள் விடவே இல்லை. ஊசி எங்கே என்று கேட்டால் அவளுக்கே தெரியவில்லை.

எனக்குக் காது அடைத்தது. சபை நடுவில், மகனின் கலியாணத்தன்று, புருஷன் இல்லாத என்னை ஒரு தாடிக்காரனோடு சேர்த்துப் பாடிவிட்டார்கள்.  

எங்கள் மேசையில் அதை ஒட்டுக்கேட்ட, எனக்குப் பெறாமகள் முறையான பெண் ஒருத்தி அத்தானுக்கு மொழிபெயர்த்துவிட்டாள். அத்தான் கதிரையைத் தள்ளிக்கொண்டு எழும்பினார். தலைப்பாகை ஒரு பக்கம் சரிந்தது.

"எழும்புங்கோ எல்லாரும். இதென்ன ஆக்கள் இது? என்ர தம்பியின்ர மனிசியைப் பற்றி வேசைக் கதை பாடுதுகள். நாளைக்குத் தாலியும் இல்லை, ஒண்டும் இல்லை. நாங்கள் வெளிக்கிடுறம்."

"பெரியப்பா, பிளீஸ்" என்று கஜன் மணமேடையிலிருந்து ஓடி வந்தான்.  ஜஸ்லீன் என் கையைப் பிடித்திருந்தாள்.  அத்தான் சொன்னால் செய்கிறவர். அவர் போனால் எங்கள் பக்கம் பாதி எழும்பிப் போகும். இந்தப் பிள்ளைகளின் கலியாணம் பாதியில் நிற்கும், அதுவும் என் பெயரால்.

காராஜுக்கு வெளியே

அடுத்து நடந்ததற்கு நாங்கள் யாரும் தயாராக இருக்கவில்லை.

பல்விந்தர் எழும்பி மாமியை நோக்கிக் கத்தினார். என்ன மொழி என்று எனக்குக்கூடத் தெரிந்தது. ம்ஹாரா, ம்ஹாரா என்று காதில் விழுந்துகொண்டே இருந்தது. ஜலந்தர்ப் பெண்கள் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தார்கள். அவருடைய கணவர் மனைவியை முதன்முதலாகப் பார்க்கிறவர் போல நின்றார். கோபத்தில் பல்விந்தர் இத்தனை வருடமாகக் காராஜுக்குள் பூட்டி வைத்திருந்த பேச்சை மண்டபம் முழுக்கக் கொட்டிவிட்டார்.

"அம்மா என்ன கேட்கிறா?" என்றேன்.

"நீங்கள் விதவை எண்டு மாமிக்குத் தெரியாதா எண்டு கேட்கிறா. எங்கட ஆக்களும் விதவைகளைப் பாட மாட்டினம், அன்ரி. அது ரூல்."

அப்படியென்றால் அவர்கள் பக்கம் சிரிப்பு நின்றதும் அதனால்தான். இது அவர்களுக்கும் வழக்கமில்லை. 

மாமி டோலக்கில் கையை ஊன்றிக்கொண்டு அமைதியாகப் பதில் சொன்னார். ஜஸ்லீன் வரிக்கு வரி எனக்குச் சொன்னாள். அவள் குரல் போகப் போக மெதுவாகியது.

"தெரியும், தெரிஞ்சுதான் பாடினன் எண்டு சொல்றா. மாமா செத்த பிறகு ஊரில கலியாணப் பாட்டில தன்ர பேரை எடுக்கிறதை நிப்பாட்டிட்டினமாம். முந்தி தன்னைத்தான் எல்லாரையும் விட மோசமாப் பாடுவினமாம். பால்காரனோட ஓடினாள், போலீஸ்காரனோட ஓடினாள் எண்டு. இப்ப தன்ர முறை வரேக்க தாண்டி அடுத்த ஆளுக்குப் போயிடுவினமாம். தான் ரொட்டியைத் திண்டுகொண்டு இருக்கிறதாம்."

மாமி என்னைப் பார்த்தபடி இன்னும் ஏதோ சொன்னார். ஜஸ்லீன் தயங்கினாள்.

"சொல்லு பிள்ளை."

"காலமை மாப்பிள்ளையின்ர அம்மா ஆர் எண்டு தான் கேட்க வேண்டி வந்ததாம். கதவடியில நிண்டு படம் எடுத்துக்கொண்டிருந்த ஆளைக் காட்டிச்சினமாம். தன்னைத் தாண்டிப் போன மாதிரி உங்களையும் தாண்டிப் போகத் தனக்கு மனம் வரேல்லையாம்."

அப்போதுதான் மாமியின் உடுப்பைக் கவனித்தேன். மற்றவர்கள் எல்லோரும் மஞ்சளும் சிவப்புமாக மின்ன, இவர் தலையில் வெளிறிப்போன ஒரு துப்பட்டா.

எனக்குள் என்ன நடந்தது என்று நேர்மையாக எழுதுகிறேன். அவமானம் போய்விட்டது. அந்த இடத்தில் வெட்கம் வந்தது. கொன்வென்ற் பள்ளிக்கூடத்துக்குச் சைக்கிளில் போன காலத்தில் வந்த அதே வெட்கம். எத்தனையோ வருடத்துக்குப் பிறகு, என்னோடும் ஒருவன் வம்பு பேசக்கூடும், என் கையையும் ஒருவன் பிடிக்கக்கூடும் என்று ஒரு மனுஷி சபையில் சொல்லியிருக்கிறாள். பொய்தான். ஆனால் அந்தப் பொய்யில் நான் உயிரோடு இருந்தேன்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. முதலில் மூக்கால், பிறகு அடக்க முடியாமல்.

"உமக்கு என்ன விசரோ, சறோ?" என்றார் அத்தான்.

"பொறுங்கோ அத்தான்." ஜஸ்லீனின் கையைப் பிடித்துக்கொண்டு எழும்பினேன். "பிள்ளை, இதைக் கத்திச் சொல்லு, உங்கட அம்மாவின்ர பாஷையில. அந்தத் தாடிக்காரன்ர கையில எனக்கு நரம்பு அம்பிடேல்லை. அதாலை மாமியிட்டை அனுப்பிட்டன். வெளியில கார் பார்க்கில நிக்கிறான். கையை நீட்டிக்கொண்டு நிக்கிறான், கெதியா வரட்டாம் எண்டு சொல்லு."

ஜஸ்லீன் சொன்னாள்.

 பிறகு மாமி இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார். தோள் குலுங்கியது. அழுகிறாரோ என்று பயந்துபோனேன். கையை எடுத்தபோதுதான் தெரிந்தது, மனுஷி மூச்சு முட்டச் சிரித்துக்கொண்டிருந்தார். பல்விந்தர் அழுதுகொண்டே சிரித்தார். அந்த ஜலந்தர்ப் பெண்கள்தான் முதலில் கையைத் தட்டினார்கள். மண்டபம் இரண்டாகிவிடும் போலச் சத்தம்.

மாமி வந்து என்னைக் கட்டிப்பிடித்து ஆளைத் தூக்கினார். உண்மையாகவே நிலத்திலிருந்து தூக்கினார்.

அடுத்த நாள்

அத்தான் மட்டும் எழும்பியபடியே நின்றார். நான் அவர் பக்கம் போனேன்.

"அத்தான், இன்னொண்டு. நாளைக்கு அறுகரிசி நான்தான் முதல் போடுவன்."

"என்ன?"

"அவன்ர அம்மா நான்."

"ஊர் என்ன சொல்லும் எண்டு யோசிச்சனீரோ?"

"ஊர் எங்க இருக்கு? கிரான்பர்னில இருக்கு. உங்களைத்தான் கேட்கிறன், நீங்கள் என்ன சொல்லுவியள்?"

அத்தான் கதிரையில் இருந்துவிட்டார். சரிந்த தலைப்பாகையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

அன்று இரவு நான் நித்திரை கொள்ளவில்லை. வாய்க்கொழுப்பில் சொல்லிவிட்டேன், விடிந்தால் என்ன நடக்கப் போகிறதோ என்ற பயம். அத்தான் வராமல் விடலாம். ஐயர் மறுக்கலாம். முன்வரிசையில் ஒரு கிழவி எழும்பி ஏதாவது சொல்லலாம். பிள்ளைகளுக்குப் பின்னால் ஏதாவது நடந்தால் என் தலையில் விழும். எல்லாவற்றுக்கும் பதில் தயார் செய்தேன், ஒவ்வொன்றுக்கும் ஒரு நல்ல சண்டை.

அத்தான் வந்தார். தாலி ஏறியது. ஐயர் அறுகரிசித் தட்டை நீட்டி, "மாப்பிள்ளையின்ர தாய் தகப்பன் வாங்கோ" என்றார். பெரியம்மா அத்தானைப் பார்த்தார். அத்தான் கூரையைப் பார்த்தார். நான் தூணுக்குப் பக்கத்திலிருந்து நடந்து மணவறைக்கு ஏறினேன். அவசரத்தில் அரிசி பாதி கஜனின் தலையில், பாதி ஐயரின் மடியில். கஜன் குனிந்த தலையை நிமிர்த்தவில்லை, முதுகு மட்டும் குலுங்கியது. ஜஸ்லீனின் தலையில் போட்டேன். இறங்கி வந்தேன்.

ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை.

ஐயர் அடுத்தவரைக் கூப்பிட்டார். மேளக்காரர் தொடர்ந்து வாசித்தார். முன்வரிசைக் கிழவி என்னைப் பார்த்து, "சேலை வடிவாயிருக்கு, எங்க எடுத்தனீர்?" என்று கேட்டார். இவ்வளவுதான். தயார் செய்து வைத்த ஒரு பதில்கூடத் தேவைப்படவில்லை.

எனக்கு வந்தது சந்தோஷம் இல்லை.  கோபம். இவ்வளவுதான் என்றால், இத்தனை வருடமும் இத்தனை கலியாணத்திலும் நான் எதற்காகக் குசினிப் பக்கம் நின்றேன்?